சேலம் மாடர்ன் தியேட்டர்சும் தமிழ்க் கதை மரபும்

முன்னுரை

பெரம்பலூரிலிருந்து வேப்பந்தட்டை, கிருஷ்ணாபுரம் வழியே ஆத்தூர் சென்று, வாழப்பாடியைக் கடந்தால் சேலம் வந்துவிடும். ஏற்காட்டு மலைக்குச் செல்லும் சாலையோரத்தில் பழைய நுழைவு வளைவு ஒன்று நிற்பதைக் காணலாம். அதன் மீது மாடர்ன் தியேட்டர்ஸ் என்னும் பெயர் உள்ளது. வளைவுக்கு அப்பால் ஒரு காலத்தில் படப்பிடிப்புத் தளங்களும் ஒலிப்பதிவுக் கூடமும் படச்சுருள்களைக் கழுவிப் படியெடுக்கும் அறைகளும் இருந்தன. இன்று அவை இல்லை. மலையேறச் செல்வோர் பலரும் அவ்வளைவை ஒருமுறை பார்த்துவிட்டுப் போய்விடுகின்றனர்.

1937 தொடங்கி ஏறத்தாழ நாற்பத்தைந்து ஆண்டுக் காலம் அவ்வளாகத்திலிருந்து வெளிவந்த படங்கள் நூறைத் தாண்டியவை. அவற்றுள் தமிழ்ப் படங்களே மிகுதி எனினும் மலையாளம், தெலுங்கு, இந்தி முதலிய மொழிப் படங்களும் உள. சென்னையில் எஸ். எஸ். வாசனின் ஜெமினியும் ஏவி. எம். நிறுவனமும் புகழ்பெற்று விளங்கிய காலத்திலேயே, தலைநகருக்கு வெளியே ஓர் உள்நாட்டு ஊரில் இத்தனை படங்கள் உருவாயின என்பது வியப்புக்குரியது.

தமிழ்த் துறை மலரில் திரைப்படத்திற்கு என்ன இடம் என்று பெரியோர் சிலர் வினவலாம். அவ்வினா நியாயமானதே. திரைப்படம் இளையோரின் காலத்தையும் கருத்தையும் கவர்ந்து செல்கிறது என்னும் அச்சம் காரணமற்றது அன்று. ஆயினும் இந்நிறுவனம் தன் கதைகளுக்காகத் தேடிச் சென்ற நூல்களை வரிசைப்படுத்திப் பார்த்தால், அவ்வரிசை நம் பாடத்திட்டத்தைப் போலவே தோன்றும். மனோன்மணீயம், குண்டலகேசி, வளையாபதி, பாரதிதாசனின் காவியம் ஆகியன அவ்வரிசையில் உள்ளன. அவற்றோடு ஆயிரத்தோரிரவுக் கதையும் மலபார் முஸ்லிம்களின் வாழ்வைச் சொல்லும் நாடகமும் சேர்கின்றன. பழங்கதை புதுவடிவம் பெறும் முறையை இப்படைப்புகளின் வழி ஆராய்வதும், அவற்றைக் காக்கும் கடமையை நினைவூட்டுவதும் இக்கட்டுரையின் நோக்கங்களாகும்.

ஆலைபோல் ஒரு கலைக்கூடம்

இருபதாம் நூற்றாண்டின் இடைப்பகுதியில் அமெரிக்க நாட்டின் ஹாலிவுட் படநிறுவனங்கள் ஒரு தனி முறையில் இயங்கின. எம். ஜி. எம்., பாரமவுண்ட், வார்னர் பிரதர்ஸ், இருபதாம் நூற்றாண்டு ஃபாக்ஸ், ஆர். கே. ஓ. ஆகிய ஐந்தும் பெருநிறுவனங்கள் எனப்பட்டன. நடிகர், இயக்குநர், எழுத்தாளர், தச்சர், தையற்காரர் அனைவரும் அங்குச் சம்பளம் பெறும் ஊழியர்களே. 1924இல் தோன்றிய எம். ஜி. எம். தன் உச்ச நிலையில் ஏறத்தாழ வாரத்திற்கொரு படம் தந்தது. பெரும்புகழ் பெற்ற எழுத்தாளர்களும் அங்கே ஊதியத்திற்கு எழுதினர். வில்லியம் ஃபாக்னர் 1932இல் எம். ஜி. எம்.மில் பணிபுரிந்தார். பிற்காலத்தில் இலக்கியத்திற்கான நோபல் பரிசு பெற்றவர் அவர்.

படமெடுக்கும் நிறுவனமே அப்படம் ஓடும் அரங்குகளையும் தன்வசம் வைத்திருந்தமையால், ஓடும் என்ற உறுதியோடு படங்களைத் தொடர்ந்து உருவாக்க முடிந்தது. 1948இல் அமெரிக்க உச்ச நீதிமன்றம் பாரமவுண்ட் வழக்கில் வழங்கிய தீர்ப்பு இவ்வேற்பாட்டைத் தளர்த்தியது. அரங்குகளை நிறுவனங்கள் கைவிட நேர்ந்தது. தொலைக்காட்சியும் வீடுதோறும் நுழையவே அந்தப் பழைய முறை மெல்லச் சிதைந்தது.

இம்முறையின் சாயலைத் தமிழகத்தில் காண வேண்டுமெனில் சேலத்தையே நோக்க வேண்டும். மாடர்ன் தியேட்டர்சை நிறுவிய டி. ஆர். சுந்தரம் 1907இல் திருச்செங்கோட்டில் பிறந்தவர். இங்கிலாந்தின் லீட்ஸ் நகரில் நெசவுத் தொழில்நுட்பம் பயின்றவர். நூற்பும் நெசவும் செழித்த சேலத்திற்கு அவர் கொண்டுவந்ததோ திரைப்பட ஆலை. அக்காலத் தமிழ்ப் படங்கள் பலவும் பம்பாயிலும் கல்கத்தாவிலும் எடுக்கப்பட்டன. 1931இல் வந்த முதல் தமிழ்ப் பேசும் படமாகிய காளிதாஸ்கூடப் பம்பாயில்தான் உருவாயிற்று. அந்நிலையில் எல்லா வேலையும் ஒரே வளாகத்தில் நிகழ வேண்டும் என்று சுந்தரம் திட்டமிட்டார். குறித்த நேரத்தில் வேலை தொடங்க வேண்டும், குறித்த நாளில் படம் முடிய வேண்டும் என்பதில் அவர் காட்டிய கண்டிப்பு திரையுலகில் பலராலும் பேசப்பட்டது. 1937இல் சதி அகலிகை முதற்படமாக வெளிவந்தது. அடுத்த ஆண்டே மலையாளத்தின் முதற் பேசும் படமாகிய பாலன் இந்நிறுவனத்தால் வெளிவந்தது. கேரள நாட்டுத் திரைக்கு முதற்குரல் தந்தது சேலத்து நிறுவனம் என்பது ஈண்டுக் குறிப்பிடத்தக்கது.

ஹாலிவுட்டோடு நேர்த்தொடர்பும் இருந்தது. அமெரிக்காவின் ஓஹையோ மாநிலத்தவராகிய எல்லிஸ் ஆர். டங்கன் 1935இல் இந்தியா வந்து, தமிழறியாமலேயே தமிழ்ப் படங்களை இயக்கியவர். அவர் சேலத்தில் பொன்முடி, மந்திரி குமாரி ஆகியவற்றை இயக்கினார். 1952இல் அமெரிக்க நிறுவனம் ஒன்றோடு இணைந்து ஆங்கிலப் படம் ஒன்றையும் மாடர்ன் தியேட்டர்ஸ் தயாரித்தது. ஆங்கிலத்தில் தி ஜங்கிள் என்றும் தமிழில் காடு என்றும் அது பெயர் பெற்றது.

எழுத்தாளரைப் போற்றியதிலும் ஒப்புமை உண்டு. பாரதிதாசனும் மு. கருணாநிதியும் இங்கே உரையாடல் எழுதினர். கண்ணதாசன் இந்நிறுவனத்தைச் சார்ந்து சேலத்தில் வெளிவந்த சண்டமாருதம் இதழில் பணியாற்றினார். ஃபாக்னருக்குக் கலிஃபோர்னியா எப்படியோ, அப்படியே தமிழ் எழுத்தாளர் சிலருக்குச் சேலம் ஊதியம் தரும் ஊராக இருந்தது எனலாம்.

வழிநூல் வகையும் திரைக்கதையும்

ஒரு நூலைத் தழுவிப் படமெடுக்கும்போது, நூலில் உள்ளது உள்ளவாறு வரவில்லையே என்று நாம் குறைபட்டுக் கொள்கிறோம். இக்குறையை அளக்கத் தக்க அளவுகோல் நம் இலக்கணத்திலேயே உண்டு. முதல்நூலைப் பின்பற்றி எழும் வழிநூலைத் தொல்காப்பியர் மரபியலில் தொகுத்தல், விரித்தல், தொகைவிரி, மொழிபெயர்த்தல் என நால்வகையாகப் பகுத்துள்ளார். முதல்நூலை மாற்றாமல் அப்படியே எழுதுவது இந்நான்கனுள் ஒன்றாகாது. வழிநூல் என்றாலே ஏதேனும் ஒரு மாற்றம் உண்டு என்பது இதனால் விளங்கும். இந்நால்வகையைச் சேலத்துப் படங்களுக்குப் பொருத்திப் பார்ப்போம்.

தொகுத்தல்: பேராசிரியர் பெ. சுந்தரம் பிள்ளை 1891இல் வெளியிட்ட மனோன்மணீயம் படித்தற்குரிய கவிதை நாடகம். லிட்டன் பிரபு எழுதிய ஆங்கிலக் கதை ஒன்றன் தூண்டுதலால் தோன்றியது. அதன் தமிழ்த் தெய்வ வணக்கப் பாடலின் பகுதியே 1970 முதல் தமிழ்நாட்டின் தமிழ்த்தாய் வாழ்த்தாக ஒலிக்கிறது. நீண்ட அந்நாடகம் 1942இல் மனோன்மணி என்னும் படமாயிற்று. பி. யூ. சின்னப்பாவும் டி. ஆர். ராஜகுமாரியும் நடித்தனர். ஐந்து அங்கங்களில் அமைந்த நூலைச் சில மணி நேரத்துக்குள் அடக்குதல் சுருக்குதலன்றி வேறில்லை. வடுவூர் துரைசாமி அய்யங்காரின் துப்பறியும் நாவலாகிய திகம்பர சாமியார் 1950இல் படமானதும் இவ்வகையினதே. எம். என். நம்பியார் அதில் பல மாறுவேடங்களில் தோன்றினார்.

விரித்தல்: பாரதிதாசனின் எதிர்பாராத முத்தம் அளவாற் சிறிய காவியம். பகைமை கொண்ட இரு வணிகக் குடும்பங்களுக்கிடையே சிக்குண்ட பொன்முடி, பூங்கோதை என்னும் காதலரின் கதை அது. 1950இல் அது பொன்முடி என்னும் முழுநீளப் படமாக விரிந்தது. 1952இல் பாரதிதாசன் உரையாடலோடு வளையாபதி வந்தது. ஐம்பெருங்காப்பியங்களுள் ஒன்றாகிய வளையாபதியில் இன்று எஞ்சியிருப்பவை எழுபத்திரண்டு செய்யுட்களே. கதை இன்னதென்று அவற்றிலிருந்து அறிய இயலாது. கைவிடப்பட்ட மனைவியின் மகன் வளர்ந்து தந்தையைத் தேடிச் செல்லும் கதை ஒன்றைப் பிற்கால வைசிய புராணத்தின் துணைகொண்டே கூறுகின்றனர். சிதைந்த காப்பியத்தின் பெயரைப் பொதுமக்கள் சுவரொட்டிகளில் கண்டது இப்படத்தால்தான்.

தொகைவிரி: வேண்டாதவற்றை நீக்கி, வேண்டிய ஒரு பகுதியை விரிப்பது இவ்வகை. இதற்கு 1950இல் வெளிவந்த மந்திரி குமாரி சிறந்த சான்றாகும். கருணாநிதி முதலில் நாடகமாக எழுதி, பின் திரைக்கு ஆக்கியது இது. குண்டலகேசியின் ஒரு நிகழ்ச்சியை மட்டும் எடுத்துக்கொண்டு, பௌத்த சமய வாதங்கள் அனைத்தையும் நீக்கி, அரசவைச் சூழ்ச்சிக் கதையாக அதனை விரித்தார். எம். ஜி. ஆர்., மாதுரி தேவி, எஸ். ஏ. நடராஜன் ஆகியோர் நடித்த இப்படத்தில் உரையாடலே முதன்மை பெற்றது.

மொழிபெயர்த்தல்: பிரெஞ்சு நாவலாசிரியர் அலெக்சாந்தர் தூமா எழுதிய இரும்பு முகமூடி மனிதனின் கதை, 1940இல் உத்தம புத்திரன் ஆயிற்று. சின்னப்பா இருவேடம் தாங்கிய அப்படம் தமிழில் இரட்டை வேடப் படங்களுக்கு வழிகாட்டியது. அதே கதையை ஹாலிவுட்டும் 1939இல் படமாக்கியிருந்தது. 1956இல் வந்த அலிபாபாவும் 40 திருடர்களும் இவ்வகையில் மணிமுடி எனத் தக்கது. கேவாகலர் முறையில் எடுக்கப்பெற்ற அதுவே தமிழின் முதல் முழுநீள வண்ணப்படம். சுந்தரமே அதனை இயக்கினார்.

பத்திரையும் மார்ஜியானாவும்

மேற்கண்டவற்றுள் மந்திரி குமாரியையும் அலிபாபாவையும் அருகருகே வைத்து நோக்கினால் ஓர் அரிய ஒப்புமை புலப்படும்.

குண்டலகேசிக் கதைத்தலைவி பத்திரை. கொலைத் தண்டனைக்கு இழுத்துச் செல்லப்படும் கள்வன் ஒருவனைக் கண்டு காதல் கொள்கிறாள். தந்தை அவனை மீட்டு மணம் முடித்து வைக்கிறார். ஒருநாள் ஊடலில் அவனைக் கள்வன் என்று விளையாட்டாகச் சொல்லிவிடுகிறாள். அச்சொல்லைப் பொறாத கணவன் அவளை மலையுச்சிக்கு அழைத்துச் சென்று கொல்ல முற்படுகிறான். அவளோ, சாகுமுன் கணவனை வலம்வந்து வணங்க விடை கேட்கிறாள். வலம் வருகையில் பின்னின்று அவனைத் தள்ளிவிடுகிறாள்.

அலிபாபா கதையில் வரும் மார்ஜியானா அடிமைப்பெண். எண்ணெய்ச் சாடிகளுக்குள் கள்வர் ஒளிந்திருப்பதைக் கண்டுகொண்டவள் அவளே. இறுதியில் விருந்தினன் வேடத்தில் வந்த கள்வர் தலைவன் முன் நடனமாடி, அந்நடனத்தினூடே குத்துவாளால் அவனை வீழ்த்துபவளும் அவளே. கதைக்கு அலிபாபா பெயரைத் தந்தான்; ஆனால் கதையை நடத்திச் செல்பவள் மார்ஜியானா. படத்தில் அவ்வேடத்தை ஏற்றவர் பி. பானுமதி.

இருவரும் படைவலிமை அற்றவர். கள்வரை எதிர்கொண்டவர். ஒருத்தி வணக்கத்தையும் மற்றொருத்தி நடனத்தையும் தற்காப்புக் கருவியாக்கினர். பணிவு, கலை என்று உலகம் பெண்ணுக்கு ஒதுக்கிய இரண்டுமே அவர்கள் கையில் படைக்கலன் ஆயின. பாலி மொழிப் பௌத்த நூல்களிலும் வழங்கும் கதையும், சிரியாவின் அலெப்போ நகரத்தவர் சொன்ன கதையும் இவ்விடத்தில் ஒன்றையொன்று தழுவிக்கொள்கின்றன. அலிபாபா கதை ஆயிரத்தோரிரவின் பழைய அரபுப் படிகளில் இல்லை. ஹன்னா தியாப் என்னும் அலெப்போக்காரர் 1709இல் பாரிசில் வாய்மொழியாகச் சொல்ல, அந்துவான் கலான் என்னும் பிரெஞ்சு அறிஞர் அதனைக் கேட்டுத் தம் பிரெஞ்சு நூலில் சேர்த்தார். ஒருவர் சொல்லி ஒருவர் கேட்டதால் பிழைத்த கதை அது. பத்திரையும் மார்ஜியானாவும் ஆறாண்டு இடைவெளியில் ஒரே சேலத்துப் படநிறுவனத்தின் திரையில் தோன்றினர். திட்டமிட்டு நிகழ்ந்ததன்று எனினும், ஒப்பிலக்கிய மாணவர்க்கு இதைவிடச் சிறந்த பயிற்சி வேறில்லை.

ஒட்டுப்போட்ட கோட்டு

இந்நிறுவனத்தின் படைப்புகளுள் நம் சமுதாயத்தார் சிறப்பாக அறிந்திருக்க வேண்டியது 1961இல் வந்த கண்டம் பெச்ச கோட்டு என்னும் மலையாளப் படம். ஒட்டுப்போட்ட கோட்டு என்பது அதன் பொருள். மலையாளத்தின் முதல் வண்ணப்படம் என்னும் பெருமையும் அதற்குண்டு. இதனையும் சுந்தரமே இயக்கினார். மலபாரில் மேடையேறிய நாடகத்தைத் தழுவிய இதற்கு, கே. டி. முகம்மது திரைக்கதை எழுத, எம். எஸ். பாபுராஜ் இசையமைத்தார்.

செருப்புத் தைத்துப் பிழைக்கும் மம்மதிக்கா என்னும் முதியவருக்கு வாழ்வில் ஒரே ஆசை ஹஜ் யாத்திரை. சிறுகச் சிறுகச் சேர்த்த பணத்தை ஒட்டுப்போட்ட தம் கோட்டிலேயே வைத்துக் காத்து வருகிறார். இறுதியில் ஓர் ஏழைப் பெண்ணின் திருமணம் தடைபட்டு நிற்கும்போது அப்பணத்தை எடுத்துக் கொடுத்துவிடுகிறார். இக்கதையைக் கேட்டதும் பெரியோர் பலருக்கு வேறொரு கதை நினைவுக்கு வரக்கூடும். டமாஸ்கஸ் நகரத்துச் செருப்புத் தைப்பவர் ஒருவர், ஹஜ்ஜுக்கெனச் சேர்த்ததைப் பசித்த அண்டை வீட்டாருக்குக் கொடுத்துவிட்டார். மக்கா செல்லாமலேயே அவரது ஹஜ் ஏற்கப்பட்டதாக ஞானி அப்துல்லாஹ் இப்னு முபாரக் கனவில் அறிவிக்கப்பெற்றார். ஃபரீதுத்தீன் அத்தாரின் இறைநேசர் வரலாற்று நூலில் இந்நிகழ்ச்சி இடம்பெற்றுள்ளது. டமாஸ்கஸ் தொழிலாளியும் மலபார் முதியவரும் ஒரே மரபின் இரு கிளைகள் போல்வர். சீதனக் கொடுமையைச் சாடும் இப்படத்தைத் தயாரித்தவரும் இயக்கியவரும் முஸ்லிம் அல்லாத ஒரு தமிழர் என்பதும், அதனைக் காழ்ப்பின்றிக் கண்ணியமாக ஆக்கினார் என்பதும் எண்ணிப் போற்றத் தக்கன.

குறையும் கூறல்

நிறைவை மட்டும் கூறுதல் ஆய்வாகாது. ஆலைமுறையில் விரைவும் சிக்கனமும் உண்டு. அவற்றோடு ஒரே அச்சில் வார்க்கும் போக்கும் வரும். மாடர்ன் தியேட்டர்ஸ் படங்கள் அனைத்தும் இலக்கியத் தரம் உடையன அல்ல. சண்டைக் காட்சிகளுக்காகவும் மாயாசாலங்களுக்காகவும் மட்டுமே எடுக்கப்பட்டவை பல. 1960களில் துப்பறியும் படங்களே மிகுந்தன. பொன்முடி வெளிவந்தபோது அதன் காதற் காட்சிகள் வரம்பு மீறியன என்று கண்டிக்கப்பட்டதும் உண்டு. முதல்நூலின் ஆழம் திரையில் குறைந்ததும் மெய்யே. குண்டலகேசியின் உயிர்நாடி, கணவனை வீழ்த்திய பின் அவள் மேற்கொள்ளும் துறவும் ஞானத் தேடலும் ஆகும். படமோ அரசவைச் சூழ்ச்சிக் கதைக்கே முதன்மை தந்தது. கதை வந்தது, தத்துவம் வரவில்லை. படத்தைப் பார்த்தவர் நூலைத் தேடிப் படித்தால் மட்டுமே இக்குறை நீங்கும். அத்தேடலைத் தூண்டும் பொறுப்பு தமிழாசிரியர்களாகிய எம்மைச் சார்ந்தது.

அழிவும் காப்பும்

சுந்தரம் 1963இல் காலமானார். அவர் மகன் நிறுவனத்தைத் தொடர்ந்து நடத்தினார். படத்தொழில் முழுதும் சென்னையில் குவிந்தது. நடிகரும் கலைஞரும் சேலம் வந்து தங்கும் காலம் மாறியது. 1980களின் தொடக்கத்தில் படத்தயாரிப்பு நின்றது. பின்னர்த் தளங்கள் இருந்த நிலம் கைமாறியது. ஹாலிவுட்டிலும் இதே கதைதான். எம். ஜி. எம். நிறுவனம் 1970இல் தன் உடைகளையும் அரங்கப் பொருள்களையும் ஏலத்தில் விற்றது.

கட்டடம் அழிவதைவிடப் படம் அழிவது பெரிய இழப்பு. 1950களின் தொடக்கம் வரை வழக்கிலிருந்த படச்சுருள் நைட்ரேட் வகையைச் சார்ந்தது. எளிதில் தீப்பற்றும், வெப்பத்திலும் ஈரத்திலும் நாளடைவில் ஒட்டிப் பிசினாகிப் பொடியாகும். நம் நாட்டு வெயிலுக்கு அது தாங்காது. எம். ஜி. எம். போன்ற பெருநிறுவனமே 1965இல் சேமிப்பறைத் தீயில் மௌனப்படங்கள் பலவற்றை இழந்தது. இந்திய அரசு புனேயில் திரைப்பட ஆவணக் காப்பகத்தை அமைத்தது 1964இல்தான். அதற்குள் பல படங்கள் அழிந்துவிட்டன. மலையாளத்தின் முதற் பேசும் படமென்று நாம் பெருமை கூறிய பாலன் இன்று இல்லை. எஞ்சியவை அதன் பாட்டுப் புத்தகமும் சில நிழற்படங்களும் மட்டுமே.

இங்கே தமிழ் மாணவர் ஒரு கணம் நின்று எண்ண வேண்டும். குண்டலகேசியின் நிலையும் இதுவன்றோ? நூல் அழிந்தது, புறத்திரட்டு போன்ற தொகைநூல்களில் எடுத்தாளப்பட்டமையால் பத்தொன்பது செய்யுட்கள் மட்டும் பிழைத்தன. அழிந்த காப்பியத்திற்குப் புறத்திரட்டு எப்படியோ, அழிந்த படத்திற்குப் பாட்டுப் புத்தகம் அப்படி. அழிந்த காப்பியங்கள் இரண்டின் பெயரைத் திரையில் உயிர்ப்பித்த நிறுவனத்தின் படங்களே அக்காப்பியங்களின் வழியில் செல்வது எத்துணை இரங்கத்தக்கது!

வளையாபதி அழிந்த கதையையும் நாம் மறத்தல் கூடாது. டாக்டர் உ. வே. சாமிநாதையர் திருவாவடுதுறை மடத்தில் பயின்ற காலத்தில் அங்கு வளையாபதி ஏட்டைப் பார்த்ததுண்டு. பிற்காலத்தில் பதிப்பிக்கும் எண்ணத்தோடு தேடியபோது அவ்வேடு கிடைக்கவில்லை. கண்ணால் கண்ட நூல் கைக்கு எட்டாமற் போயிற்று. அவ்வையர் நமக்கு அயலவர் அல்லர். இளமையில் அரியலூரில் சடகோபையங்காரிடமும், இன்றைய பெரம்பலூர் மாவட்டத்துக் குன்னத்தில் சிதம்பரம் பிள்ளையிடமும் தமிழ் கற்றவர். பின்னாளில் சிந்தாமணியையும் சிலம்பையும் மேகலையையும் காத்தளித்த பெருமகனார் அவர். ஏடு தேடிய அப்பெரியவரின் தொடக்கப்பள்ளி நம் மண் என்றால், தேடும் கடமை நமக்குப் பிறப்புரிமையாகவே வந்துள்ளது எனலாம்.

நாம் செய்யத் தக்கது

பெரம்பலூரும் அரியலூரும் ஒன்றுபட்ட திருச்சிராப்பள்ளி மாவட்டத்தின் பகுதிகளாயிருந்த நாள்களில், மக்களுக்குத் திரைப்படத்தைக் காட்டியவை பெரும்பாலும் டூரிங் டாக்கீஸ்களே. கீற்றுக் கொட்டகை, மணற்றரை, பின்னே பெஞ்சு, அதன் பின்னே நாற்காலி. மாலையில் குழாய் ஒலிபெருக்கியில் இசைத்தட்டு. அப்பாட்டொலி கேட்டதும் சுற்றுப்புறச் சிற்றூர்களிலிருந்து மாட்டுவண்டி பூட்டிப் புறப்பட்டோர் இன்று எண்பது, தொண்ணூறு வயதினர். எந்தப் படம் எந்த ஊரில் எத்தனை நாள் ஓடியது, எந்த உரையாடலை இளைஞர்கள் மனப்பாடம் செய்து திருமண வீடுகளில் பேசிக்காட்டினர் என்பன எந்த நூலிலும் இல்லை. அவர்கள் நெஞ்சில்தான் உள்ளன.

ஆகவே மாணவச் செல்வங்களுக்கு மூன்று பணிகளைப் பரிந்துரைக்கிறோம். முதலாவது, உங்கள் வீட்டுப் பெரியோரிடம் அமர்ந்து அவர்கள் கண்ட படங்களையும் கொட்டகைகளையும் பற்றிக் கேட்டு, அவர்கள் பேச்சிலேயே எழுதி வையுங்கள். கைப்பேசியில் ஒலிப்பதிவு செய்தலும் இன்று எளிது. இரண்டாவது, பழைய டிரங்குப் பெட்டிகளைத் திறந்து பாருங்கள். லப்பைக்குடிகாடு, வி. களத்தூர் போன்ற ஊர்களிலிருந்து கடல் கடந்து பொருளீட்டச் சென்றோர் வீடுகளில் பழைய இசைத்தட்டுகளும் இருத்தல் கூடும். சில அணாக்களுக்கு விற்ற பாட்டுப் புத்தகமோ, கதை வசனப் புத்தகமோ, துண்டு விளம்பரமோ கிடைப்பின் பழந்தாள் வணிகரிடம் போட்டுவிடாமல் படியெடுத்துத் துறை நூலகத்தில் சேருங்கள். மூன்றாவது, ஒரு படத்தையும் அதன் முதல்நூலையும் இணைத்துப் படித்து, நால்வகை வழிநூல்களுள் எவ்வகை என்று ஆய்ந்து ஒரு கட்டுரை எழுதுங்கள்.

முடிவுரை

ஹாலிவுட் நிறுவனங்கள் உலகிற்குக் கதை சொன்ன காலத்தில், சேலத்து மலையடிவாரத்தில் ஒருவர் தமிழ்க் காப்பியத்தையும் அலெப்போக் கதையையும் மலபார் நாடகத்தையும் ஒரே கூரையின்கீழ்க் கொண்டுவந்தார். அவர் சொன்ன முறையில் குறையுண்டு. ஆனால் கதை எங்கிருந்து வரினும் ஏற்கும் மனம் இருந்தது. தொல்காப்பியர் வகுத்த வழிநூல் மரபு இருபதாம் நூற்றாண்டிலும் அறாமல் தொடர்ந்தது என்பதற்கு அப்படங்கள் சான்று.

வளையாபதி ஏடு கண்முன் இருந்த நாளில் அதனைப் படியெடுப்பார் ஒருவரும் இலர். பின்னர்த் தேடியோர்க்கு அது கிட்டவில்லை. பாலனின் கதியும் அஃதே. இன்று நம் வீட்டுத் திண்ணையில் அமர்ந்திருக்கும் முதியவர் ஒவ்வொருவரும் படியெடுக்கப்படாத ஓர் ஏடு. இம்மலர் கைக்கு வரும் விடுமுறையிலேயே அவ்வேட்டைப் புரட்டத் தொடங்குவோமாக.